ஓவியர் நின்ற இடம்

திருவண்ணாமலையில் கிரிவலம் போகிறவர்களுக்கு ஒரு கணக்குத் தெரியும். கோயில் இருக்கும் கிழக்குப் பக்கத்திலிருந்து பார்த்தால் மலைக்கு ஒற்றைச் சிகரம். நடக்க நடக்க அது இரண்டாகத் தெரியும் இடம் வரும்; அம்மையப்பன் என்று கையெடுப்பார்கள். மூன்றாகத் தெரியும் இடத்தில் மும்மூர்த்தி என்பார்கள். குபேர லிங்கத்தை ஒட்டி ஐந்து முகடுகள் தெரியும். அதற்குப் பஞ்சமுக தரிசனம் என்று பெயரே வைத்திருக்கிறார்கள். 14 கிலோமீட்டர் பாதையில் எந்த மலை எங்கே நின்றால் கிடைக்கும் என்பதைச் செருப்பில்லாமல் நடந்த கால்கள் தலைமுறை தலைமுறையாகக் குறித்துவைத்திருக்கின்றன.

நிலக்காட்சி ஓவியர்களைப் பற்றிய நூல்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கணக்குதான் நினைவுக்கு வருகிறது. ஓவியர் எங்கே நின்றார்? அங்கே எப்படிப் போய்ச் சேர்ந்தார், யார் விட்டார்கள்? அந்த இடத்தில் அவரோடு வேறு யார் இருந்தார்கள், அவர்கள் ஏன் படத்தில் இல்லை? இவற்றுக்குப் பதில் சொல்லும் நூல் நல்ல நூல். வண்ணத்தைப் பற்றியும் ஒளியைப் பற்றியும் எவ்வளவு அழகாக எழுதியிருந்தாலும், இவற்றைத் தொடாத நூல் பாதி நூல்தான். நம் பக்கத்து நிலத்தைப் பற்றியும் அதை வரைந்தவர்களைப் பற்றியும் வந்த நூல்களை இந்த அளவுகோலால் அளந்து பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

இந்திய நிலக்காட்சி ஓவிய வரலாற்றை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் வில்லியம் ஹாட்ஜஸிடமிருந்து தொடங்குவார்கள். கேப்டன் குக்கின் இரண்டாவது கடல் பயணத்தில் (1772–75) ஓவியராகப் போனவர். 1780-இல் சென்னையில் வந்து இறங்கினார். தொழில்முறை நிலக்காட்சி ஓவியர் ஒருவர் பிரிட்டனிலிருந்து இந்தியாவுக்கு வந்தது அதுவே முதல்முறை. வந்தவருக்குத் தமிழ்நாட்டின் உட்பகுதி வாய்க்கவில்லை. அந்த ஆண்டு ஜூலையில் ஹைதர் அலியின் படை கர்நாடகச் சமவெளிக்குள் இறங்கியது. இறங்கிய வழி செங்கம் கணவாய். இன்று திருவண்ணாமலையிலிருந்து பெங்களூர் பேருந்து ஏறினால் கடந்துபோகிறோமே, அதே வழி. சென்னைக் கோட்டையைச் சுற்றிய பகுதிக்குள் அடைபட்டு, உடம்பும் சரியில்லாமல் கிடந்த ஹாட்ஜஸ், 1781-இல் வங்காளத்துக்குக் கப்பலேறினார். அதனால்தான் அவர் பெயரோடு சேர்ந்து நினைவுக்கு வரும் படங்களில் கங்கைக்கரை இருக்கிறது, காசி இருக்கிறது. நம் மலைகள் இல்லை.

இதை ஹாட்ஜஸே 1793-இல் வெளியிட்ட தன் இந்தியப் பயண நூலில் மறைக்காமல் எழுதியிருக்கிறார். ஓவியர் தன் படங்களோடு தன் நிலைமையையும் எழுதிவைத்ததால் அந்த நூலுக்கு இன்னும் உயிர் இருக்கிறது. அவரைப் பற்றி கைல்ஸ் டில்லட்சன் 2000-இல் எழுதிய நூலின் பெயரே ‘செயற்கைப் பேரரசு’ என்ற பொருள் தரும். இங்கிலாந்தில் கற்றுவந்த ‘பிக்சரஸ்க்’ என்னும் அழகியலை இந்திய நிலத்தின் மீது எப்படிப் போர்த்தினார்கள் என்று படம் படமாகக் காட்டும் நூல் அது. முன்பக்கம் இருண்ட மரம், நடுவில் நீர், பின்னால் சிதைந்த கட்டடம் என்ற அமைப்பு ஓவியரின் தலைக்குள் முன்கூட்டியே இருந்தது. அதற்கு ஏற்ற இடத்தைத்தான் கண் தேடியது.

ஹாட்ஜஸுக்குக் கிடைக்காத வாய்ப்பு தாமஸ் டேனியலுக்கும் அவர் சகோதரர் மகன் வில்லியம் டேனியலுக்கும் கிடைத்தது. 1786-இல் கல்கத்தா வந்தவர்கள், வட இந்தியாவைச் சுற்றிவிட்டு 1792-இல் சென்னையிலிருந்து தெற்கே புறப்பட்டார்கள். அந்த ஆண்டைக் கவனிக்க வேண்டும். திப்பு சுல்தானோடு நடந்த மூன்றாவது மைசூர்ப் போர் முடிந்து, ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி பாராமகாலும் சேலமும் திண்டுக்கல்லும் கிழக்கிந்தியக் கும்பினியின் கைக்கு வந்த ஆண்டு அது. டேனியல்கள் வரைந்த ராயக்கோட்டையும் சங்ககிரியும் கும்பினிக்காரர்களுக்குப் புதிதாகக் கிடைத்த சொத்து. அந்தப் பாறைக்கோட்டைகளின் படத்தை லண்டனில் இருந்தவர்கள் ஏன் விரும்பி வாங்கினார்கள் என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை. அந்தப் போரில் கூடவே போன ஓவியர் ராபர்ட் ஹோம், படை அதிகாரிகளான அலெக்சாண்டர் ஆலன், கோல்புரூக் ஆகியோரின் மைசூர்க் காட்சித் தொகுப்புகளும் 1793, 94-இல் அடுத்தடுத்து வெளிவந்தன. மலையைப் பார்த்தால் எந்தப் பக்கம் ஏறலாம், பீரங்கியை எங்கே நிறுத்தலாம் என்று கணக்குப் போடப் பழகிய கண்கள் வரைந்தவை அவை.

டேனியல்களின் ‘ஓரியன்டல் சீனரி’ 1795 முதல் 1808 வரை பகுதி பகுதியாக வந்தது. மொத்தம் 144 படங்கள். செப்புத் தகட்டில் அமிலத்தால் அரித்து நிழலின் அடர்த்தியைக் கூட்டிக் குறைக்கும் ‘அக்வாடின்ட்’ முறையில் அச்சிட்டு, மேலே கையால் வண்ணம் தீட்டினார்கள். தஞ்சைப் பெரிய கோயில், திருச்சி மலைக்கோட்டை, பாபநாசம் அருவி என்று நமக்குத் தெரிந்த இடங்கள் அந்தக் காகிதத்தில் வேறொரு குளிர்ந்த ஒளியில் நிற்கும். அவர்கள் ‘கேமரா அப்ஸ்கியூரா’ என்னும் இருட்டுப்பெட்டியை வைத்துக் கோடுகளைப் பிடித்தார்கள். அதனால் கட்டடங்களின் அளவு பெரும்பாலும் பிசகாது. மில்ட்ரெட் ஆர்ச்சர் 1980-இல் வெளியிட்ட நூல், அவர்களுடைய பயணத்தை ஊர் ஊராகப் பின்தொடர்ந்து, நின்ற இடங்களை அடையாளம் காட்டுகிறது. இந்த வகையில் எனக்கு மிகவும் பிடித்த நூல் அதுதான். பல்லக்கு, கூடாரம், சமையல்காரர், சுமைக்காரர் என்று ஒரு பட்டாளமே கூடப் போனால்தான் அந்த இரண்டு பேரும் ஓர் இடத்தில் உட்கார்ந்து வரைய முடியும் என்பது அதைப் படித்தால் விளங்கும். அந்தப் பட்டாளம் படத்துக்குள் வரும்போது மட்டும் விரற்கடை அளவு ஆகிவிடுகிறது. கோபுரம் எவ்வளவு உயரம் என்று காட்டுவதற்கு ஒரு மனிதன், நிழல் விழுவதற்கு ஒரு மரம். இரண்டுக்கும் ஒரே வேலை.

இந்தக் குறையை ஆங்கில நிலத்துக்கே பொருத்திப் பேசிய நூல் ஜான் பேரலின் ‘த டார்க் சைட் ஆஃப் த லேண்ட்ஸ்கேப்’ (1980). கான்ஸ்டபிள் போன்றவர்களின் வயல் ஓவியங்களில் உழைக்கும் ஏழைகள் எங்கே நிறுத்தப்படுகிறார்கள், எவ்வளவு தூரத்தில், எந்த நிழலில் என்று கேட்ட நூல். அதற்கு முன் இந்தத் துறையின் பாடநூலாக இருந்தது கென்னத் கிளார்க்கின் ‘லேண்ட்ஸ்கேப் இன்டு ஆர்ட்’ (1949). குறியீட்டிலிருந்து உண்மைக்கு, உண்மையிலிருந்து கற்பனைக்கு என்று ஐரோப்பியக் கண்ணின் வளர்ச்சியை மிகத் தெளிவாகச் சொல்லும். நானும் அதில்தான் கற்றேன். ஆனால் கிளார்க்கைப் படித்தால் படத்தின் முன் நிற்கத் தெரியும். பேரலைப் படித்த பிறகே படத்துக்குள் இருப்பவரின் பக்கத்தில் போய் நிற்கத் தோன்றும்.

இனி நம் வீட்டுக்குள் வருவோம். செங்கம் கணவாய் வழியாக ஹைதரின் குதிரைகள் இறங்குவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே அந்த நிலத்தைப் பற்றி ஒரு நூல் எழுதப்பட்டுவிட்டது. பத்துப்பாட்டில் ஒன்றான மலைபடுகடாம். 583 அடிகள். எழுதியவர் இரணியமுட்டத்துப் பெருங்குன்றூர்ப் பெருங்கௌசிகனார். பாட்டுடைத் தலைவன் நன்னன். அவன் ஊர் செங்கண்மா, இன்றைய செங்கம். நவிரமலை என்று அதில் வருவது பர்வதமலை. சேயாறு என்று வருவது செய்யாறு. இவை பெரும்பாலும் இன்றைய திருவண்ணாமலை மாவட்டத்துக்குள் அடங்கும்.

நிலக்காட்சி ஓவியம் பற்றிய கட்டுரையில் ஒரு சங்கப்பாட்டு எதற்கு என்று கேட்கலாம். நின்ற இடத்தைச் சொல்வதில் அந்தப் பாட்டுக்கு இணையான நூலை நான் பார்த்ததில்லை, அதனால்தான். அது கூத்தரை நன்னனிடம் வழி அனுப்பும் ஆற்றுப்படை. வழி சொல்கிறவன் அந்தப் பாதையில் நடந்து வந்தவன். பன்றிக்குப் பொறி வைத்திருக்கும் இடம், பாம்பு கிடக்கும் குழி, தினைப்புனக் காவலர் யானையை விரட்டக் கவண் எறியும் இடம் எல்லாவற்றையும் முன்கூட்டியே எச்சரிக்கிறான். அந்த மலையில் ஒவ்வொரு வளைவிலும் ஆள் இருக்கிறார்கள், அவர்களுக்கு வேலை இருக்கிறது, அடுப்பில் சோறு இருக்கிறது. வருகிறவரை உட்காரவைத்துப் போடவும் செய்கிறார்கள். தலைப்பே மலையை யானையாகப் பார்க்கிறது: மலையில் எழும் ஓசைகள் அந்த யானையின் மதம். அருவி, தேனெடுப்பவர், தினை குற்றுபவர், கரும்பாலை என்று ஓசை ஓசையாக அடுக்கி மலையைக் காதுக்குக் காட்டுகிறார் புலவர். டேனியலின் இருட்டுப்பெட்டிக்குள் இந்த மலை நுழையாது.

திணை என்ற சொல்லைத் தமிழில் ஓவியத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் அடிக்கடி எடுத்தாள்கிறார்கள். குறிஞ்சி முதல் பாலை வரை ஐந்து நிலம், ஒவ்வொன்றுக்கும் பொழுது, பூ, பறவை, தொழில் என்று மேடையில் சொல்லிவிட்டு, ‘ஐரோப்பாவுக்கு முன்பே நமக்கு நிலக்காட்சி இருந்தது’ என்று முடித்துவிடுவதோடு எனக்கு உடன்பாடில்லை. இருந்தது சொல்லில். சுவரில் அது வேறுவிதமாக நடந்தது. சித்தன்னவாசல் விதானத்தில் தாமரைக்குளம் இருக்கிறது. யானையும் மீனும் பூப்பறிப்பவரும் இருக்கிறார்கள். கரையும் தொடுவானமும் கிடையாது. செங்கம் வேணுகோபாலர் கோயில் மண்டபத்து விதானத்தில் நாயக்கர் காலத்து ராமாயண ஓவியங்கள் இருக்கின்றன. போலூருக்கு அருகே திருமலைச் சமணக் கோயிலிலும் பழைய சுவரோவியங்கள் உண்டு. இவற்றில் மலை என்பது மலையின் அடையாளம், மரம் என்பது மரத்தின் அடையாளம். விஷ்ணுதர்மோத்தரத்தின் சித்திரசூத்திரப் பகுதி, மலையை எப்படிக் காட்டுவது, ஆற்றை எப்படிக் காட்டுவது, விடியலை எப்படிக் காட்டுவது என்று ஓவியருக்கு விதி சொல்கிறது. சி. சிவராமமூர்த்தி அந்தப் பகுதியை விளக்கவுரையோடு பதிப்பித்தார். அவருடைய தென்னிந்திய ஓவியங்கள் பற்றிய நூல் 1968-இல் வந்தது. இரண்டும் ஆங்கிலத்தில். தமிழில் மயிலை சீனி. வேங்கடசாமியின் ‘தமிழர் வளர்த்த அழகுக் கலைகள்’ (1956) இந்தச் சுவர்களை நோக்கிப் பொதுவாசகரை அழைத்துப் போன நூல். இன்றும் பள்ளிப் பிள்ளைகள் கையில் கொடுக்கத் தகுந்தது.

மலையை ஒருவர் பார்க்கிற காட்சியாக வரையும் வழக்கம் நம் பொதுமக்கள் கண்ணுக்கு வந்தது நாடகப் படுதா வழியாகத்தான். காட்டுப் படுதா, தெருப் படுதா, தர்பார் படுதா என்று நாடகக் கம்பெனிகள் கூடவே சுருட்டிக்கொண்டு போன துணிகள் அவை. அவற்றை வரைந்தவர்களில் பெரியவர் சி. கொண்டையராஜு (1898–1976). சென்னை ஓவியப் பள்ளியில் படித்தவர். சில காலம் திருவண்ணாமலையில் ரமணர் ஆசிரமத்தில் துறவியைப்போல இருந்தவர் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். பிறகு நாடகக் கம்பெனியோடு சுற்றி, கோவில்பட்டியில் தங்கினார். அவரும் அவருடைய சீடர்களும் வரைந்த காலண்டர் படங்கள் சிவகாசியில் அச்சாகித் தமிழ்நாட்டு வீடுகள் பலவற்றிலும் தொங்கின. முருகனுக்குப் பின்னால் நீல மலை, அம்மனுக்குப் பின்னால் ஏரி, வானத்தில் மஞ்சளும் ரோஜாவும் கலந்த மேகம்: என் தலைமுறை முதலில் பார்த்த ‘லேண்ட்ஸ்கேப்’ அதுதான். காலண்டர் கலையின் சந்தையைப் பற்றிக் கஜ்ரி ஜெயின் 2007-இல் எழுதிய ஆங்கில நூல் கனமானது. ஆனால் சாமிக்குப் பின்னால் இருக்கும் மலையை மட்டும் தனியே எடுத்து, அது எந்த ஊர் மலை என்று கேட்கும் நூல் ஒன்று தமிழில் வர வேண்டும். அண்ணாமலையைத் தினமும் பார்த்த ஒரு கை பிற்பாடு வரைந்த மலைகளில் அண்ணாமலையின் சாயல் எங்கேயாவது விழுந்திருக்கிறதா என்று தேடிப் பார்க்க எனக்கு ஆசை.

பத்திரிகை ஓவியர்களில் சில்பி (1919–1983) தனி வகை. ஆனந்த விகடனில் பல ஆண்டுகள் வந்த ‘தென்னாட்டுச் செல்வங்கள்’ தொடருக்காகக் கோயில் கோயிலாகப் போய், சிற்பத்தின் முன்னாலேயே உட்கார்ந்து வரைந்தவர். தேவன் எழுதினார். பிறகு நூலாகவும் வந்தது. அதில் கோபுரத்தைக் காட்டும் பக்கங்களில் கல்லின் மேல் விழும் நிழலைப் பாருங்கள். அது எந்தப் பொழுது என்று சொல்லிவிடலாம். அவ்வளவு நேரம் அங்கே இருந்திருக்கிறார் மனிதர்.

மனோகர் தேவதாஸின் நூல்களை இந்த வரிசையின் உச்சியில் வைப்பேன். 1936-இல் மதுரையில் பிறந்தவர். விழித்திரை நோயால் பார்வை சுருங்கிக்கொண்டே போன காலத்தில்தான் கூர்மையான கோட்டோவியங்களை வரைந்தார். 1972-இல் நடந்த சாலை விபத்தில் மனைவி மஹிமாவுக்குத் தோளுக்குக் கீழே உடம்பு செயலிழந்தது. அவரைப் பார்த்துக்கொண்டே, வேலைக்கும் போய்க்கொண்டே வரைந்த படங்கள் அவை. ‘கிரீன் வெல் இயர்ஸ்’, ‘மல்ட்டிபிள் ஃபேசட்ஸ் ஆஃப் மை மதுரை’ இரண்டிலும் மதுரையின் தெருவும் கோபுரமும் வயலும் மலையும் வருகின்றன. படத்துக்குப் பக்கத்திலேயே அது பிறந்த கதையையும் எழுதினார். ஓவியர் தானே சாட்சி சொல்லும் நூல்கள். 2020-இல் அவருக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது, 2022-இல் மறைந்தார். கண் மங்க மங்க, அவர் நின்ற இடம் மேலும் மேலும் நினைவுக்குள் போய்விட்டது. அந்த நினைவில் ஒரு ஜன்னல்கூட இடம் மாறவில்லை.

சென்னைக் கலை இயக்கத்தின் ஓவியர்கள் நிலத்தை வேறொரு வழியில் அணுகினார்கள். கே.சி.எஸ். பணிக்கர் இளமையில் வரைந்த நீர்வண்ண நிலக்காட்சிகளால் பெயர் பெற்று, பின்னர் அதை விட்டு வெகுதூரம் போனவர். ஏ.பி. சந்தானராஜ் இந்தத் திருவண்ணாமலையிலேயே 1932-இல் பிறந்தவர். சென்னைக் கவின்கலைக் கல்லூரியின் முதல்வராக இருந்து, பல தலைமுறை மாணவர்களுக்குக் கோடு போடக் கற்றுக்கொடுத்து, 2009-இல் மறைந்தார். அந்த மனிதரின் பெயர் இந்த ஊர் மாணவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும் என்று நினைத்தால் மனம் வலிக்கிறது. துறையூர் அருகே கீராம்பூரில் பிறந்த கே.எம். ஆதிமூலம் (1938–2008), கி. ராஜநாராயணனின் ‘கரிசல் காட்டுக் கடுதாசி’க்கு ஜூனியர் விகடனில் வரைந்த கோடுகளால் ஒரு நிலத்தையே வாசகருக்கு அடையாளம் காட்டினார். கரிசல் மண்ணின் வெடிப்பு அந்தக் கோட்டில் இருந்தது. பிற்காலத்தில் அவர் எண்ணெய் வண்ணத்துக்குப் போனபோது மலையும் மரமும் மறைந்து நிறங்களின் பரப்பு மட்டும் நின்றது. அதையும் நிலக்காட்சி என்றே நான் சொல்வேன்.

இவர்களைப் பற்றிய நூல்கள் பெரும்பாலும் ஆங்கிலத்தில், கண்காட்சிக் கையேடுகளாக, சில நூறு பிரதிகளோடு முடிந்துபோகின்றன. தமிழில் ஓவியர் ஒருவரின் வாழ்க்கையை முழுமையாகச் சொன்ன நூல்களில் முன்னால் நிற்பது ஒரு நாவல்: கே. ராமானுஜத்தை வைத்து சி. மோகன் எழுதிய ‘விந்தைக் கலைஞனின் உருவச் சித்திரம்’. அதற்கும் முன்னே, ஓவியராக வாழ்வைத் தொடங்கிய நாமக்கல் கவிஞரின் ‘என் கதை’ இருக்கிறது. ஆராய்ச்சியாளர் விட்ட இடத்தை நாவலும் சுயசரிதையும் நிரப்பியிருக்கின்றன. அது அந்த எழுத்தாளர்களுக்குப் பெருமை. நம் கலை ஆராய்ச்சிக்குக் குறை.

மற்ற நாடுகள் ஒரு மலைக்கு என்ன செய்திருக்கின்றன என்று பார்த்தால் இந்தக் குறை இன்னும் பெரிதாகத் தெரியும். பதினோராம் நூற்றாண்டுச் சீன ஓவியர் குவோ ஷியின் குறிப்புகளை அவர் மகன் நூலாகத் தொகுத்தார். ஒவ்வொரு அடிக்கும் மலை மாறுகிறது என்பது அதன் அடிப்படைக் கருத்து. கிரிவலம் போகிற எவருக்கும் அதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. ஜப்பானின் ஹொகுசாய் 1830-களில் ஃபூஜி மலையின் 36 காட்சிகளை அச்சிட்டார். விற்பனை நன்றாக இருந்ததால் 46 ஆயிற்று. பிறகு ஃபூஜியின் நூறு காட்சிகளைத் தனி நூலாகவே கொண்டுவந்தார். அவற்றில் மலை பல சமயம் ஓர் ஓரத்தில் சின்னதாக இருக்கும். முன்னால் பீப்பாய் செய்கிறவர், மரம் அறுக்கிறவர், அலையில் படகு தள்ளுகிறவர். செசான் தன் ஊர் மலையான சேன்ட் விக்துவாரைத் திரும்பத் திரும்ப வரைந்தார். எந்தப் படத்தை எந்த இடத்தில் நின்று வரைந்தார் என்று ஆராய்ச்சியாளர்கள் கண்டுபிடித்து எழுதியிருக்கிறார்கள்.

அண்ணாமலைக்குப் புராணம் இருக்கிறது, பதிகங்கள் இருக்கின்றன, ஆசிரமங்கள் வெளியிட்ட நூல்கள் அடுக்கடுக்காக இருக்கின்றன. 2,668 அடி உயரமுள்ள இந்த மலையைப் பற்றி எழுதப்பட்ட பக்கங்களை அடுக்கினால் ராஜகோபுரத்தின் 217 அடியையும் தாண்டக்கூடும். அதை வரைந்தவர்களைப் பற்றிய பக்கம் மிக அரிது. மாட வீதிக் கடைகளில் சட்டம் போட்டு விற்கும் படங்களில் ஒரே கோணம்தான்: முன்னால் கோபுரங்கள், பின்னால் மலை, உச்சியில் தீபம்.

மலையோ ஒரே மாதிரி இருக்கவில்லை. ரமணர் காலத்துப் புகைப்படங்களில் அது பெரும்பாலும் மொட்டைப் பாறை. 1980-களின் பிற்பகுதியிலிருந்து தொண்டர்கள் கன்று நட்டு, தீத்தடுப்புக் கோடு வெட்டிப் பாதுகாத்ததால்தான் இன்று சரிவுகளில் பச்சை தெரிகிறது. 2024 டிசம்பர் 1-ஆம் தேதி, ஃபெஞ்சல் புயல் மழையில் அதே சரிவு வ.உ.சி. நகர் வீடுகள் மேல் இறங்கி ஏழு பேர் மண்ணுக்குள் போனார்கள். கடையில் விற்கும் படத்தில் அந்த வீடுகள் இருக்கும் இடத்தில் மேகமோ புகையோ வரைந்திருப்பார்கள். ஜான் பேரல் கேட்ட கேள்வி இங்கிலாந்து வயலுக்கு மட்டும் உரியதில்லை என்று எனக்கு அன்று புரிந்தது. மலைச்சரிவில் வீடு கட்டிக் குடியிருப்பவர் இல்லாத அண்ணாமலை ஓவியம் எவ்வளவு அழகாக இருந்தாலும் பொய்யானது.

எனவே நமக்கு வேண்டிய நூலின் வடிவம் தெளிவாகத்தான் இருக்கிறது. மலைபடுகடாத்தின் நடை வேண்டும்: நடந்தவர், நடப்பவருக்குச் சொல்வது. ஆர்ச்சரின் உழைப்பு வேண்டும்: ஒவ்வொரு படத்துக்கும் நின்ற இடத்தைத் தேடிக் கண்டுபிடிப்பது. மனோகர் தேவதாஸின் நேர்மை வேண்டும்: வரைந்தவரே பேசுவது. தமிழில், ஐந்நூறு ரூபாய்க்குள், மாணவர் வாங்கும் விலையில் வர வேண்டும். இரவு முழுக்க ஆயிரக்கணக்கானோரைக் கலை இலக்கிய இரவுக்கு உட்காரவைத்த ஊர் இது. நல்ல பதிப்பகம் வைத்திருக்கும் ஊர். இங்கே முடியாவிட்டால் வேறெங்கே முடியும்?

அதுவரை, இந்த மலையை ஸ்பாட்டில் உட்கார்ந்து வரையும் பிள்ளைகளிடம் ஒரு வேண்டுகோள். பென்சிலோ வாட்டர் கலரோ, படம் நன்றாக வந்தாலும் வராவிட்டாலும், காகிதத்தின் பின்புறத்தில் நான்கு விஷயங்களை எழுதிவையுங்கள்: தேதி, நேரம், நீங்கள் உட்கார்ந்திருந்த இடம், அப்போது உங்கள் பக்கத்தில் யார் என்ன வேலை செய்துகொண்டிருந்தார்கள் என்பது.